ஜீவனாம்ச உத்தரவு கையில் இருக்கிறது, பணம்தான் வரவில்லை: மதுரைப் பக்கம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இலவச சட்ட உதவி தேடி மதுரை நீதிமன்றத்துக்கு வருகிறவர்களுக்கு வழிகாட்டும் தன்னார்வலராகப் பல வருஷமாக இருக்கிறேன். நான் வக்கீல் இல்லை. மேலூர், உசிலம்பட்டி, திருமங்கலம், வாடிப்பட்டி என்று எந்தப் பக்கமிருந்து வந்தாலும் முதல் வார்த்தை ஒன்றாகத்தான் இருக்கும்: "அக்கா, தீர்ப்பு வந்துருச்சு, காசு வரலை." அதற்குப் பின்னால் வரும் சந்தேகங்களும் ஏறக்குறைய ஒன்றேதான். கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளை எழுதி, தெரிந்த பதிலைக் கீழே தந்திருக்கிறேன்.

சட்டப் பிரிவு எண்ணைப் பற்றி முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எல்லோர் வாயிலும் இருக்கும் "125 கேஸ்", பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அந்தச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. 125 இப்போது 144, 127 இப்போது 146, 128 இப்போது 147. சாரம் பெரிதாக மாறவில்லை.

தீர்ப்பு வந்துருச்சுல்ல, இனி கோர்ட்டே வாங்கிக் குடுத்துருமா?

இல்லை. இது தெரியாமல்தான் நிறையப் பேர் ஒரு வருஷம், ஒன்றரை வருஷம் வீட்டில் காத்திருந்துவிட்டு வருகிறார்கள். அவர் பணம் கட்டினாரா இல்லையா என்று நீதிமன்றம் மாதா மாதம் பார்த்துக்கொண்டிருக்காது. "இத்தனை மாதமாகத் தரவில்லை, வசூலித்துக் கொடுங்கள்" என்று நீங்கள்தான் தனியாக மனு போட வேண்டும். நிலுவை மனு, பாக்கி மனு என்பார்கள். பழைய எம்.சி. நம்பரை, அதாவது ஜீவனாம்ச வழக்கு எண்ணைக் குறிப்பிட்டு அதே குடும்ப நல நீதிமன்றத்தில் போடலாம்.

இடைக்கால ஜீவனாம்சத்துக்கும் இதே வழிதான். மெயின் கேஸ் முடியட்டும் என்று காத்திருக்க வேண்டாம். இடைக்கால உத்தரவும் உத்தரவுதான். அதன்படி தராவிட்டால் அன்றைக்கே கேட்கலாம்.

மனு போட என்னென்ன கொண்டு வரணும்?

உத்தரவின் சான்றிட்ட நகல் முதலில் வேண்டும். ஜீவனாம்ச உத்தரவின் நகலை, யாருக்குச் சாதகமாக உத்தரவு ஆனதோ அவருக்குக் கட்டணமில்லாமல் தர வேண்டும் என்று 147-ஆம் பிரிவே சொல்கிறது. அதற்குக் காசு கேட்டால் தயங்காமல் இந்தப் பிரிவைச் சொல்லுங்கள். அப்புறம் உங்கள் ஆதார், பேங்க் பாஸ்புக்கின் முதல் பக்கம், அவருடைய இப்போதைய முகவரி, வேலை பார்க்கும் இடம், தெரிந்த சொத்து விவரம். கல்யாண போட்டோ ஒன்றும் இருக்கட்டும், பின்னால் ஒரு இடத்தில் உதவும்.

இவை எல்லாவற்றையும்விடக் கணக்கு முக்கியம். உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து பூக்கட்டும் ஒரு அம்மா வருவார். மகளின் பழைய நாற்பது பக்க நோட்டில் ஸ்கேல் வைத்து நாலு கட்டம் போட்டிருந்தார்: மாதம், வர வேண்டியது, வந்தது, வந்த தேதி. வராத மாதத்துக்கு நேராகச் சிவப்பு மையில் ஒரு கோடு. நோட்டின் ஓரமெல்லாம் நார் ஈரம் பட்டு உப்பிப்போயிருந்தது. கணவர் தரப்பில் "ஏழெட்டு மாசம் குடுத்தாச்சு" என்று வாதிட்டபோது, அந்த நோட்டையும் பாஸ்புக்கையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினார். மூன்றே மாதம்தான் வந்திருந்தது. வாதம் அதோடு நின்றது. அப்படி ஒரு நோட்டு இன்றைக்கே போடுங்கள்.

கணக்கு தீர்ப்புத் தேதியிலிருந்தா, கேஸ் போட்ட தேதியிலிருந்தா?

உங்கள் உத்தரவின் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள், எந்தத் தேதியிலிருந்து என்று எழுதியிருக்கும். 2020 நவம்பர் 4 அன்று உச்ச நீதிமன்றம் ஜீவனாம்ச வழக்குகளுக்கென்று விரிவான வழிகாட்டுதல் தந்தது. மனு போட்ட தேதியிலிருந்தே ஜீவனாம்சம் வழங்க வேண்டும் என்பது அதில் ஒன்று. அதனால் இப்போது வரும் உத்தரவுகள் பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும்.

ஒரு கணக்குப் பாருங்கள். 2023 ஜனவரியில் மனு, 2024 மார்ச்சில் உத்தரவு, மாதம் 8,000 ரூபாய். உத்தரவு கையில் வரும்போதே 15 மாதத்துக்கு 1,20,000 ரூபாய் பாக்கி நிற்கிறது. நிறையப் பேர் இதை விட்டுவிட்டு அடுத்த மாதத்திலிருந்து எண்ண ஆரம்பிக்கிறார்கள். விடாதீர்கள்.

எம்புட்டு நாளைக்குள்ள மனு போடணும்?

ஒரு வருஷம். இந்தப் பக்கத்தில் ஒன்றை மட்டும்தான் மனதில் வைக்க முடியும் என்றால் இதை வையுங்கள். ஒரு தொகை எந்தத் தேதியில் தர வேண்டியதாகிறதோ, அதிலிருந்து ஒரு வருஷத்துக்குள் மனு போட்டால்தான் அந்தத் தொகைக்கு வாரண்ட் கிடைக்கும். 2024 ஏப்ரல் மாதப் பணத்துக்கு 2025 ஏப்ரல் தாண்டுவதற்குள் மனு உள்ளே போயிருக்க வேண்டும். முன் கேள்வியில் சொன்ன மொத்தப் பாக்கிக்கும் உத்தரவு வந்த தேதியிலிருந்து ஒரு வருஷத்துக்குள் கேட்டுவிடுங்கள்.

நான் சொல்வது பத்து மாதத்துக்கு ஒரு மனு. பன்னிரண்டு மாதம் நிறையட்டும் என்று இருந்தால் நடுவில் கோடை விடுமுறை வரும், பிள்ளைக்குக் காய்ச்சல் வரும், வக்கீல் ஊரில் இருக்க மாட்டார். ஏற்கெனவே போட்ட மனு நடந்துகொண்டிருக்கும்போதே புது மாதங்களும் பாக்கியாகும். பழைய மனு முடியட்டும் என்று இருக்காமல் அவற்றுக்குத் தனி மனு போட்டுவிடுவதே பத்திரம்.

ஒரு வருசம் தாண்டிருச்சேக்கா, அம்புட்டும் போச்சா?

போகவில்லை. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது. ஒரு வருஷக் கெடு தாண்டினால் வாரண்ட், சிறை என்ற அந்த வேகமான வழி மட்டும்தான் அடைபடுகிறது. பணத்தின் மீதுள்ள உரிமை அழிவதில்லை, சிவில் வழியில் கேட்கலாம். ஆனால் அது நீண்ட வழி. கெடுவுக்குள் இருக்கும் மாதங்களுக்கு உடனே மனு போட்டுவிட்டு, பழைய மாதங்களுக்கு என்ன செய்யலாம் என்று வக்கீலிடம் தனியாகக் கேளுங்கள்.

வக்கீலுக்குக் குடுக்கக் காசு இல்லை. என்ன செய்ய?

பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச வக்கீல் உண்டு. 1987-ஆம் வருஷத்துச் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம் தந்த உரிமை இது, யாரும் போடும் பிச்சை கிடையாது. மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் ஒரு மனு எழுதிக் கொடுங்கள். தாலுகா நீதிமன்றங்களிலும் வட்ட சட்டப் பணிகள் குழு இருக்கிறது. 15100 என்ற எண்ணுக்கு இலவசமாகப் பேசியும் கேட்கலாம். குடும்ப நல நீதிமன்றத்தில் வக்கீல் இல்லாமல் நீங்களே நேரில் நின்று பேசவும் சட்டம் இடம் தருகிறது.

மனு போட்டதும் அவரைப் பிடிச்சு உள்ள வச்சுருவாங்களா?

கோபத்தில் கேட்கிறவர்களும் உண்டு, பயத்தில் கேட்கிறவர்களும் உண்டு. ரெண்டு பேருக்கும் பதில் ஒன்றுதான்: நேராகச் சிறை இல்லை. முதலில் அவருக்கு நோட்டீஸ் போகும். வந்து காரணம் சொல்லலாம், பணம் கட்டலாம், தவணை கேட்கலாம். போதுமான காரணம் இல்லாமல் தரவில்லை என்று தெரிந்தால், அபராதம் வசூலிக்கும் அதே முறையில் வசூல் வாரண்ட் பிறப்பிக்கப்படும். கோர்ட்டில் இதை டிஸ்ட்ரஸ் வாரண்ட் என்பார்கள். பைக், டிவி, பிரிட்ஜ் போன்ற அசையும் பொருளை ஜப்தி செய்து விற்கலாம். நிலம், வீடு என்றால் நில வரிப் பாக்கியை வசூலிப்பது போல வசூலிக்கச் சொல்லி மாவட்ட ஆட்சியருக்கு வாரண்ட் அனுப்பலாம்.

அப்படியும் வசூலாகாத தொகைக்குத்தான் சிறை, அதிகபட்சம் ஒரு மாதம். நடுவில் பணத்தைக் கட்டினால் அன்றைக்கே வெளியே வந்துவிடலாம். இந்த வரிசையைத் தாண்டி நேரே கைது வாரண்ட் வாங்கினால், மேல் கோர்ட்டில் அதைக் காட்டியே அவர் ரத்து வாங்கிவிட வாய்ப்பு இருக்கிறது. அதனால் "சீக்கிரம் ஆகட்டும்" என்று வக்கீலை நெருக்காதீர்கள். சொத்து எதுவும் கிடைக்கவில்லை என்று வாரண்ட் திரும்பி வந்தால் அதுவும் உங்களுக்கு ஒரு படிதான்.

ஜெயிலுக்குப் போயிட்டு வந்துட்டா பணம் தர வேண்டியதில்லைன்னு அவங்க வீட்டுல சொல்றாங்க. நெசமா?

பொய். சிறை என்பது பணத்தை வரவழைக்க ஒரு வழி. பணத்துக்குப் பதில் ஆகாது. 1989-லேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. உள்ளே இருந்துவிட்டு வந்த பிறகும் அதே பாக்கி அப்படியே நிற்கும்.

ஒரு மாதத்துக்கு மேல் ஒரேயடியாக உள்ளே வைக்க முடியாது என்றும், அந்த மாதம் முடிந்த பின்னும் தராவிட்டால் மறுபடி மனு போடலாம் என்றும் 1999-இல் இன்னொரு தீர்ப்பு வந்தது. "ஒரு மாசம் ஜாலியா இருந்துட்டு வந்துருவேன்" என்று சவால் விடுகிறவர்களிடம் இதைச் சொல்லலாம்.

அவருக்கு நல்ல சம்பளம். நேரா சம்பளத்துல பிடிக்க முடியாதா?

முடியும். இருப்பதில் மிகவும் நம்பகமான வழியும் இதுதான், ஏனென்றால் மாதா மாதம் அவர் மனது வைக்க வேண்டியதில்லை. குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் வாங்கிய உத்தரவு என்றால், 20-ஆம் பிரிவின்படி, சம்பளத்தின் ஒரு பகுதியை உங்களிடமே தரும்படியோ கோர்ட்டில் கட்டும்படியோ முதலாளிக்கே நீதிபதி உத்தரவிடலாம். மற்ற ஜீவனாம்ச உத்தரவுகளையும் சிவில் கோர்ட் பணத் தீர்ப்பு போல நிறைவேற்றலாம் என்று மேலே சொன்ன 2020 தீர்ப்பு சொல்கிறது. விவாகரத்து வழக்கில் இந்து திருமணச் சட்டப்படி வந்த உத்தரவுக்கு அந்தச் சட்டத்திலேயே, 28-ஏ பிரிவில், வழி இருக்கிறது.

எவ்வளவு பிடிக்கலாம்? சாதாரணக் கடனுக்குச் சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயையும் மீதியில் மூன்றில் ரெண்டு பங்கையும் தொட முடியாது. ஜீவனாம்சத்துக்கோ மூன்றில் ஒரு பங்குக்கு மட்டும்தான் அந்தப் பாதுகாப்பு. 24,000 ரூபாய் சம்பளம் என்றால் 8,000 அவருக்கு, மீதி 16,000 வரை ஜப்திக்கு உட்படும். கடன்காரனுக்கு இல்லாத சலுகையைச் சட்டம் மனைவிக்கும் பிள்ளைக்கும் கொடுத்திருக்கிறது. மனுவில் அலுவலகத்தின் முழுப் பெயர், முகவரி, அவருடைய பணியாளர் எண், சம்பளம் போடும் அதிகாரியின் பதவிப் பெயர் எல்லாம் சரியாக இருக்க வேண்டும். "ஏதோ மில்லில் சூப்பர்வைசர்" என்று எழுதினால் உத்தரவு போய்ச் சேர இடம் இருக்காது.

அவரு இப்ப திருப்பூர்ல இருக்காரு. மதுரை உத்தரவு அங்க செல்லுமா?

செல்லும். அவர் எங்கே இருக்கிறாரோ அந்த ஊர் மாஜிஸ்திரேட்டே உங்கள் உத்தரவை நிறைவேற்றலாம் என்கிறது 147. ஆள் இவர்தான் என்பதும், பணம் தரவில்லை என்பதும் அந்த நீதிபதிக்குத் திருப்தியாகத் தெரிய வேண்டும். கல்யாண போட்டோவை எடுத்து வைக்கச் சொன்னது இதற்குத்தான். அங்கே போய்வரத் தெம்பில்லை என்றால் மதுரையிலேயே மனு போட்டு வாரண்ட்டை அந்த ஊருக்கு அனுப்பச் சொல்லிக் கேளுங்கள். கையில் பிள்ளையை வைத்துக்கொண்டு ஆரப்பாளையத்தில் திருப்பூர் பஸ் ஏறி, வாய்தா வாங்கிக்கொண்டு ராத்திரி திரும்பி வருவது எவ்வளவு பாடு என்று பார்த்திருக்கிறேன்.

போலீஸ் போகும்போதெல்லாம் "ஆள் வீட்டில் இல்லை"ன்னு எழுதிட்டு வந்துருறாங்க.

இதுதான் என்னை அதிகம் வருத்தும் கேள்வி. எல்லாக் கட்டமும் தாண்டி, கடைசியில் ஒரு வரியில் விஷயம் நின்றுவிடுகிறது.

கைது வாரண்ட் ஒரு தடவை திரும்பினால் செத்துப்போவதில்லை. நிறைவேற்றும் வரையோ நீதிமன்றமே ரத்து செய்யும் வரையோ அது உயிரோடு இருக்கும். அதனால் அவர் எப்போது, எங்கே இருப்பார் என்ற தகவலை நீங்கள் கொடுங்கள். எந்த ஷிப்ட், எந்த டீக்கடை, எந்தத் தேதியில் ஊருக்கு வருகிறார் என்பது உங்கள் சொந்தக்காரர்களுக்குத் தெரியும். வருஷம் பூரா வெளியூரில் இருக்கிறவர்கூட மாசி சிவராத்திரிக்குக் குலதெய்வம் கும்பிட வராமல் இருக்க மாட்டார். போன வருஷம் ஒரு பெண் அந்தத் தேதியையும் கோயில் இருக்கும் ஊரையும் எழுதி ஸ்டேஷனில் கொடுத்து, ஒப்புகைச் சீட்டும் வாங்கி வைத்தார். கோயிலுக்கு வந்த இடத்தில் வாரண்ட்டைக் காட்டினார்கள். அன்றைக்குச் சாயங்காலமே அண்ணன்தம்பிகள் கூடி முதல் தவணையைக் கொண்டுவந்துவிட்டார்கள்.

எழுதிக் கொடுத்தும் நடக்கவில்லை என்றால், அந்தச் சீட்டின் நகலோடு நீதிமன்றத்தில் சொல்லுங்கள். வாரண்ட் ஏன் நிறைவேறவில்லை என்று அதிகாரியைக் கேட்க நீதிபதிக்கு அதிகாரம் உண்டு. ஸ்டேஷன் வாசலில் சண்டை போட்டு ஆகப்போவதில்லை.

"வேலை இல்லை, லோன் கட்டவே சரியா இருக்கு"ன்னு சொல்றாரு. கோர்ட் ஏத்துக்குமா?

சும்மா சொன்னால் ஏற்காது. உடம்பில் தெம்புள்ள ஆண் கூலி வேலை பார்த்தாவது மனைவி பிள்ளைகளைக் காப்பாற்ற வேண்டும் என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் திரும்பவும் சொன்னது. அவராக வாங்கிய பைக் லோன், பெர்சனல் லோன் இவற்றின் தவணையைக் கழித்துவிட்டு மீதியில் கணக்குப் பார்க்க வேண்டும் என்ற வாதமும் பொதுவாக எடுபடாது. கடன் கொடுத்தவர்களின் பாத்தியதையைவிட மனைவி, பிள்ளைகளின் ஜீவனாம்ச உரிமை மேலானது என்று 2024 டிசம்பரில் ஒரு தீர்ப்பும் வந்திருக்கிறது.

நான்தான் கட்ட வேண்டியவன். நெசமாவே வேலை போயிருச்சு. நான் என்ன செய்யட்டும்?

உங்களைப் போலவும் நிறையப் பேர் வருகிறார்கள், நியாயமான கேள்விதான். சூழ்நிலை மாறினால் தொகையைக் குறைக்கச் சொல்லி 146-ஆம் பிரிவில் மனு போடலாம். வேலை போன கடிதம், பேங்க் ஸ்டேட்மென்ட், மருத்துவச் சீட்டு எது உண்மையோ அதை வையுங்கள். ஆனால் குறைத்து உத்தரவு வரும் வரை பழைய தொகை ஏறிக்கொண்டேதான் இருக்கும். ஆறு மாதம் கழித்து வாரண்ட் வந்த பிறகு "வேலை போயிருச்சுய்யா" என்று சொல்வதைவிட, வேலை போன மாதமே மனு போட்டு, முடிந்த 2,000-மோ 3,000-மோ பேங்க் வழியாக அனுப்புங்கள். கொஞ்சமாவது தொடர்ந்து கட்டுகிற மனிதரையும் காணாமல் போகிற மனிதரையும் நீதிபதி ஒரே கண்ணோடு பார்க்க மாட்டார்.

"கையில குடுத்தேன்"னு கோர்ட்டுல சொல்லிட்டாரு. நான் வாங்கவே இல்லை.

கொடுத்தேன் என்கிறவர்தான் அதைக் காட்ட வேண்டும். ரசீது இருக்கிறதா, பேங்க் பதிவு இருக்கிறதா என்று கேட்பார்கள். இந்தத் தகராறே வராமல் இருக்க, "என் கணக்கில்தான் போட வேண்டும்" என்று பாஸ்புக் நகலோடு ஒரு மெமோ போட்டுவிடுங்கள்.

ரொக்கமாக வாங்கித்தான் ஆக வேண்டும் என்றால் எந்த மாதத்துக்கு எவ்வளவு என்று எழுதியே கையெழுத்துப் போடுங்கள். "முழுசும் பெற்றுக்கொண்டேன்" என்று ஏற்கெனவே எழுதிக்கொண்டு வரும் தாளில், 5,000 ரூபாயை எண்ணி வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போட்டுவிட்டு வந்து அழுதவர்கள் இருக்கிறார்கள். அந்தக் கையெழுத்தை அழிக்க வருஷக்கணக்கு ஆகும்.

ஹைகோர்ட்டுல அப்பீல் போட்டுட்டாராம். இனி ஒண்ணும் கேட்க முடியாதாமே?

மனு போட்டதனால் மட்டும் எதுவும் நிற்காது. ஒத்தக்கடைப் பக்கம் இருக்கும் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தடை உத்தரவு, அதாவது ஸ்டே, கொடுத்தால்தான் நிற்கும். அப்படித் தரும்போதும் பாக்கியில் ஒரு பகுதியைக் கட்டு என்ற நிபந்தனையோடு தருவதுதான் வழக்கம். நிபந்தனைப்படி கட்டாவிட்டால் ஸ்டேயும் நிலைக்காது. ஸ்டே இருக்கிறதா என்று வாய் வார்த்தையில் நம்பாமல், வழக்கு எண்ணை வாங்கி நீதிமன்ற இணையதளத்தில் பார்க்கச் சொல்லுங்கள். வீட்டில் ஒரு காலேஜ் பிள்ளை இருந்தால் ரெண்டு நிமிஷ வேலை. 2004 ஜூலையில் இந்தக் கிளை திறப்பதற்கு முன்னால் இதற்கெல்லாம் சென்னைக்குத்தான் ஓட வேண்டும்.

எனக்கு நோட்டீஸே வரலை, எக்ஸ்பார்ட்டி உத்தரவுன்னு சொல்லி ரத்து கேட்டிருக்காரு.

ஒருதலைப்பட்சமான உத்தரவை ரத்து செய்ய, உத்தரவு தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள் தகுந்த காரணத்தோடு கேட்கலாம். சம்மன் அவர் கையில் சேர்ந்ததற்கோ வாங்க மறுத்ததற்கோ அத்தாட்சி வழக்குக் கட்டில் இருந்தால் எடுத்துக் காட்டுங்கள். ரத்தே ஆனாலும், செலவுத் தொகை கட்டச் சொல்லவும் வேறு நிபந்தனை போடவும் நீதிபதிக்கு இடம் உண்டு. இடைக்காலத் தொகை வேண்டும் என்று அன்றைக்கே கேட்டுவிடுங்கள்.

வாரண்ட் வரும்னு தெரிஞ்சு நிலத்தைத் தம்பி பேருக்கு எழுதி வச்சுட்டாரு. அவ்வளவுதானா?

அவ்வளவுதான் என்று விட்டுவிடாதீர்கள். ஜீவனாம்சம் பெற உரிமையுள்ளவரை ஏமாற்றுவதற்காகச் சொத்தைக் கைமாற்றினால் அதை எதிர்க்கச் சட்டத்தில் வழி இருக்கிறது. இந்துக்களுக்கு 1956-ஆம் வருஷத்து தத்தெடுப்பு மற்றும் ஜீவனாம்சச் சட்டத்தின் 28-ஆம் பிரிவு, எல்லோருக்கும் சொத்து மாற்றச் சட்டத்தின் 39, 53 பிரிவுகள். சொத்திலிருந்து ஜீவனாம்சம் பெறும் உரிமை உங்களுக்கு இருந்து, காசு வாங்காமல் தான செட்டில்மென்டாக எழுதியிருந்தாலோ, வாங்கியவருக்கு உங்கள் உரிமை தெரிந்திருந்தாலோ, அவர் கையில் இருக்கும் சொத்திலும் கேட்கலாம். கூடப்பிறந்த தம்பிக்கு இந்த வழக்கு தெரியாது என்று எந்த ஊரில் சொல்ல முடியும்?

உடனே வில்லங்கச் சான்றும் பட்டா, சிட்டாவும் எடுங்கள். பத்திரம் பதிவான தேதி, உங்கள் நோட்டீஸ் அவருக்குப் போன தேதிக்குப் பின்னால் இருந்தால் அதுவே நல்ல சாட்சி. எழுதி வைக்கும் முன்பே தெரிந்தால் இன்னும் நல்லது. ஜப்தி உத்தரவு ஆன பிறகு செய்யும் கிரயம் அந்த ஜப்திக்கு எதிராகச் செல்லாது. குடும்பப் பொதுச் சொத்தாக இருந்தால், பிரிக்காமல் இருக்கும் அவருடைய பங்கையும் ஜப்தி கேட்கலாம்.

"சேர்ந்து வாழ வா, அப்பத்தான் சோறு"ன்னு கோர்ட்டுலயே சொல்றாரு.

அப்படிச் சொன்னால் நீங்கள் ஏன் போக முடியாது என்ற காரணத்தை நீதிபதி கேட்பார், நியாயம் இருந்தால் வசூல் உத்தரவு போடுவார். அவர் வேறு கல்யாணம் செய்திருந்தாலோ வேறு பெண்ணை வைத்திருந்தாலோ அதுவே போதுமான காரணம் என்று சட்டத்திலேயே எழுதியிருக்கிறது. அடி, உதை, வரதட்சணைக் கொடுமை எல்லாம் காரணம்தான். சேர்ந்து வாழச் சொல்லி அவர் தீர்ப்பே வாங்கி வைத்திருந்தாலும், அதை மட்டும் காட்டி ஜீவனாம்சத்தை மறுக்க முடியாது என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

ரெண்டு கோர்ட்டுல ரெண்டு உத்தரவு இருக்கு. ரெண்டையும் வாங்கலாமா?

ரெண்டு சட்டத்திலும் கேட்க உரிமை உண்டு. ஆனால் முதல் உத்தரவை ரெண்டாவது கோர்ட்டில் மறைக்கக் கூடாது. அங்கே தரும் தொகையை இங்கே கழித்துக்கொள்வார்கள், இல்லையென்றால் அதற்கு மேல் எவ்வளவு என்று சொல்வார்கள். மறைத்தது தெரிந்தால் உங்கள் பேச்சின் மேல் இருந்த நம்பிக்கை போய்விடும். வசூலுக்கு எது சுலபமோ அந்த உத்தரவை முன்னால் கொண்டு போங்கள். சம்பளக்காரர் என்றால் குடும்ப வன்முறைச் சட்ட உத்தரவு வசதி.

துபாய்ல இருக்காரு. கை எட்டுமா?

கஷ்டம்தான், ஆனால் வழியே இல்லாமல் இல்லை. ஊரில் இருக்கும் அவருடைய நிலம், வீடு, பேங்க் கணக்கு எல்லாம் நம் கோர்ட்டின் கைக்குள் இருக்கின்றன, முதலில் அவற்றைத் தேடுங்கள். கோர்ட் பிறப்பித்த வாரண்ட் நிலுவையில் இருந்தால், பாஸ்போர்ட் சட்டத்தின் 10-ஆம் பிரிவின்படி பாஸ்போர்ட் அதிகாரி அதை முடக்க நடவடிக்கை எடுக்கலாம். வாரண்ட் நகலோடு மனு கொடுக்க வேண்டும். புதுப்பிக்க வேண்டிய நேரத்தில் நிறையப் பேர் வழிக்கு வருகிறார்கள்.

எனக்கு வயசு எழுபது. மகன் மேல வாங்குன உத்தரவு, அவனும் தர மாட்டேங்கிறான்.

ஐயா, எந்த இடத்தில் வாங்கிய உத்தரவு என்று பாருங்கள். கோர்ட்டில் வாங்கியது என்றால் மேலே மனைவிமார்களுக்குச் சொன்னதெல்லாம் உங்களுக்கும் பொருந்தும். ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) ஆபீஸில், 2007-ஆம் வருஷத்து மூத்த குடிமக்கள் சட்டத்தில் வாங்கியது என்றால் அங்கேயும் வாரண்ட்டும் ஒரு மாதச் சிறையும் உண்டு. ஆனால் கெடு வெறும் மூன்று மாதம். நாலாவது கேள்வியில் சொன்ன ஒரு வருஷம் இதற்குக் கிடையாது. மூன்று மாதத்துக்கு ஒரு தரம் எழுதிக் கொடுத்துக்கொண்டே இருங்கள். நடக்க முடியாவிட்டால் வேறொருவரைப் பிரதிநிதியாக அனுப்பலாம்.

ஜெயிலுக்கு அனுப்புனா நாளைக்கு எம்பிள்ளையே என்னைக் கேக்குமேக்கா?

இதைக் கேட்காத தாய் இல்லை. மனு போடுவதற்கு முன் ராத்திரியெல்லாம் தூங்காமல் வந்து கேட்கிறார்கள். உங்களுக்காக நான் முடிவெடுக்க முடியாது. ஆனால் ரெண்டு விஷயம் சொல்வேன். அந்தப் பணம் பிள்ளையின் ஸ்கூல் பீஸ், பால், மருந்து. அதை வேண்டாம் என்று விட்டுக்கொடுப்பது உங்கள் பங்கை மட்டும் விடுவது ஆகாது. அடுத்தது, யார் மேல் பாக்கி மனு போடப்பட்டதோ அவர்களில் கடைசிவரை சிறைக்குப் போனவர்களை நான் பார்த்தது கொஞ்சம்தான். நோட்டீஸ் போனதும், இல்லையென்றால் வாரண்ட் வந்ததும், எங்கிருந்தோ பணம் வந்துவிடுகிறது.

மனசு இன்னும் ஒப்பவில்லை என்றால் மனுவைப் போட்டுவிட்டுத் தவணைக்குச் சம்மதியுங்கள். மாதப் பணத்தோடு பாக்கியில் ஒரு சிறு தொகை என்று எழுதி, நீதிபதி முன்னால் பதிவு செய்துகொள்ளுங்கள். மரத்தடியில் நாலு பேர் பேசி முடித்தது என்று விட்டுவிட்டு மனுவை மட்டும் வாபஸ் வாங்கி விடாதீர்கள். ஒரு வருஷக் கெடு அப்போதும் ஓடிக்கொண்டுதான் இருக்கும்.